எஸ்.பி.டி. டீமும் ஒரு நாற்காலியும்

"பந்து விளையாடினா சோறு போடுமாடா?" நம் வீடுகளில் தாத்தா அப்பாவைக் கேட்டது, அப்பா நம்மைக் கேட்டது, இப்போது நாம் பிள்ளைகளைக் கேட்பது. நான் வேலை பார்க்கும் இந்தத் திருவனந்தபுரத்தில் அதற்குப் பல வருஷம் ஒரு நேரடி பதில் இருந்தது. "போடும். பாங்க் டீமில் எடுத்தால் போடும்." அந்த பாங்க், ஸ்டேட் பாங்க் ஆஃப் திருவாங்கூர். ஊரில் எல்லோருக்கும் எஸ்.பி.டி.

பெரிய டீம்களின் சரித்திரத்தை எழுத ஆயிரம் பேர் உண்டு. ஈஸ்ட் பெங்கால், மோகன் பகான் பற்றி அலமாரி நிறையப் புத்தகம் கிடைக்கும். எஸ்.பி.டி. மாதிரி சின்ன டீமுக்கு யார் எழுதுவார்கள்? அதுவும் பெயரே போய்விட்ட பிறகு? அதனால்தான் இந்தப் பதிவு.

முதலில் பாங்கின் கதை, சுருக்கமாக. 1945இல் திருவாங்கூர் சமஸ்தானத்தில் திருவாங்கூர் பாங்க் என்று தொடங்கியது. 1959 சட்டத்தின்படி 1960இல் ஸ்டேட் பாங்கின் துணை வங்கியாகி எஸ்.பி.டி. ஆனது. தலைமை அலுவலகம் பூஜப்புரை. 2016 ஜூலையில் கேரள சட்டசபை இணைப்பு வேண்டாம் என்று தீர்மானமே போட்டது. ஆனாலும் 2017 ஏப்ரல் 1 அன்று ஸ்டேட் பாங்க் ஆஃப் இந்தியாவோடு சேர்த்துவிட்டார்கள். 10 எஸ்.பி.டி. பங்குக்கு 22 எஸ்.பி.ஐ. பங்கு என்று கணக்கு. கட்டடம், கடன், டெபாசிட் எல்லாவற்றையும் எடை போட்டாயிற்று. கால்பந்து டீமின் பெயருக்கு என்ன விலை? பி.காம்.மில் 'குட்வில்' என்று பக்கம் பக்கமாகப் படித்தோம். டீமின் பெயருக்கு எந்த லெட்ஜரிலும் பக்கம் கிடையாது.

அந்த டீம் லேசுப்பட்டதில்லை. 2000களின் முதல் பாதியில் தேசிய கால்பந்து லீகில், கொல்கத்தாவின் பெரிய கிளப்புகளோடும் கோவா கிளப்புகளோடும் மோதியது. காசு கொட்டும் கிளப் இல்லை, வெளிநாட்டு நட்சத்திரம் இல்லை. ஆட்டக்காரர்கள் பாங்க் ஊழியர்கள். அவ்வளவுதான். இதே ஊரில் டைட்டானியம், ஏஜீஸ் ஆபீஸ், மின்வாரியம் என்று வேறு ஆபீஸ் டீம்களும் உண்டு. சென்னையில் நம் இந்தியன் பாங்க் டீமும் இதே ரகம். இந்தியாவுக்குக் கேப்டனாக இருந்த கண்ணூர்க்காரர் வி.பி. சத்யன், கேரளா போலீஸ் டீமிலிருந்து அங்கேதான் வந்து சேர்ந்தார்.

இந்த ஏற்பாடு எப்படி என்று தெரியாதவர்களுக்கு: ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் பையனை கிளார்க்காக எடுப்பார்கள். பிராக்டிஸ், டோர்னமென்ட் என்றால் அனுமதி. கால் ஓய்ந்ததும் கவுண்டரில் உட்கார்ந்துவிடலாம். பிறகு பரீட்சை, புரமோஷன், பி.எஃப்., மெடிக்கல். அறுபது வயது வரைக்கும் ஒரு நாற்காலி. பூந்துறை, வெட்டுக்காடு, பொழியூர் மாதிரி கடலோர ஊர்ப் பையன்களுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசியுங்கள். பொழியூரைத் தாண்டினால் நம் கன்னியாகுமரி மாவட்டம். நீரோடி, தூத்தூர், சின்னத்துறை... அங்கேயும் இதே பந்து, இதே மணல். கடலுக்குப் போகும் அப்பன், பிள்ளையை கிரவுண்டுக்கு அனுப்பத் துணிந்தது இந்த நாற்காலியை நம்பித்தான்.

"கையெழுத்துப் போட்டுவிட்டு கிரவுண்டுக்குப் போய்விடுகிறான், அவன் வேலையையும் நாங்கள் பார்க்க வேண்டியிருக்கிறது" என்ற முணுமுணுப்பு எல்லா ஆபீசிலும் உண்டு. நானும் பாங்க்காரன்தான் (எஸ்.பி.டி. இல்லை, வேறு பாங்க்). மார்ச் மாதக் கணக்கு முடிக்கும் நேரத்தில் ஒரு ஆள் குறைந்தால் எப்படி இருக்கும் என்று தெரியும். அந்த முணுமுணுப்பில் நியாயம் இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் இன்னொரு பக்கமும் பார்த்திருக்கிறேன். பழைய ஆட்டக்காரர் ஒருவர் என்னோடு வேலை பார்த்தார். கடற்கரைப் பக்கம் லோன் வசூலுக்கு நாங்கள் போனால் கதவு திறக்காது. அவர் போனால் டீ வரும், பழைய மேட்ச் கதை வரும், தவணையும் வரும் :-). எந்த விளம்பரம் இதைச் செய்யும்?

இப்போது மறுபக்கம். "ஆபீஸ் டீமெல்லாம் பழைய பஞ்சாங்கம், புரொஃபஷனல் கிளப்தான் எதிர்காலம்" என்று ஒரு கட்சி. அதன் ரெக்கார்டையும் பார்ப்போமே. 1997இல் எஃப்.சி. கொச்சின் ஆர்ப்பாட்டமாக வந்தது. அதே வருஷம் டூரண்ட் கோப்பையை வென்றது. கேரளத்திலிருந்து அதை வென்ற முதல் டீம். 2002இல் கடை மூடியாயிற்று. 2004இல் விவா கேரளா வந்தது. 2011இல் கை மாறி சிராக் யுனைடெட் கேரளா என்று பெயர் மாறியது. 2012இல் அதுவும் இல்லை. முதலாளியிடம் பணம் இருக்கும்வரை டீம். பணம் வற்றினால் ஆட்டக்காரன் நடுத்தெருவில்.

கனடா, அமெரிக்காவில் இருக்கும் நம் குடும்பங்கள் இதை ஐஸ் ஹாக்கியில் பார்த்திருப்பார்கள். அங்கே சின்ன லீக் டீம்களை வீட்டைக் காலி பண்ணுவதுபோல ஊர் மாற்றுவார்கள். இன்று டொராண்டோவில் ஆடும் மார்லீஸ், 2005 வரை செயின்ட் ஜான்ஸ் நகரத்து டீம். ஆனால் பென்சில்வேனியாவில் ஹெர்ஷி பேர்ஸ் என்று ஒன்று இருக்கிறது. சாக்லேட் கம்பெனி உருவாக்கிய ஊர். 1938 முதல் அதே ஊர், அதே பெயர், அதே லீக். 2023, 2024 இரண்டு வருஷமும் கோப்பை. அந்த டீம் இன்றும் அந்த சாக்லேட்காரர் விட்டுப்போன நிறுவனத்தின் கையில்தான். ஊரில் வேரோடிய ஒரு நிறுவனம் பின்னால் நின்றால் சின்ன டீம் எத்தனை நாள் தாங்கும் என்பதற்கு அதுவே சாட்சி.

நமக்கும் சாட்சி உண்டு. 2018 ஏப்ரல் 1. எஸ்.பி.டி. என்ற பெயர் போய்ச் சரியாக ஒரு வருஷம். கொல்கத்தா சால்ட் லேக் ஸ்டேடியத்தில் சந்தோஷ் டிராஃபி ஃபைனல். வங்காளத்தை அவர்கள் மண்ணிலேயே பெனால்டியில் வென்று, 2004க்குப் பிறகு கேரளா கோப்பையைத் தூக்கியது. கேப்டன் ராகுல் வி. ராஜ், பெனால்டி தடுத்த கோல்கீப்பர் மிதுன், இருவரும் ஸ்டேட் பாங்க் ஊழியர்கள். போர்டை மாற்றிவிட்டார்கள், ஆட்டம் மாறவில்லை!

ஆனால் புதிய பையன்களுக்கு அந்த வாசல் எத்தனை நாள் திறந்திருக்கும்? என் கவலை அதுதான். 2017 மே மாதம் நடந்தது ஞாபகம் இருக்கிறதா? கேரளா பிளாஸ்டர்ஸின் சி.கே. வினீத், இதே ஊர் ஏஜீஸ் ஆபீசில் ஸ்போர்ட்ஸ் கோட்டா ஊழியர். போதிய வருகை இல்லை என்று வேலையை விட்டு நீக்கினார்கள். பிறகு மாநில அரசு வேலை கொடுக்க முன்வந்தது. கிளப்புக்கும் ஆபீசுக்கும் நடுவில் விதிமுறை என்று ஒன்று ஒழுங்காக இல்லாததன் விளைவு அது.

2024இல் சூப்பர் லீக் கேரளா தொடங்கி, நம் ஊருக்கும் திருவனந்தபுரம் கொம்பன்ஸ் என்று ஒரு டீம் வந்தது. பாளையத்தில் சந்திரசேகரன் நாயர் ஸ்டேடியத்தில் ஆட்டம். முதல் சீசனிலேயே செமிஃபைனல், காலிகட்டிடம் தோல்வி. சந்தோஷம்தான். ஆனால் அந்த சீசன் செப்டம்பரில் தொடங்கி நவம்பரில் முடிந்துவிட்டது. மீதி மாதங்களுக்கு யார் சம்பளம்? முட்டி போனால் யார் பொறுப்பு?

என் யோசனை இது. கிளப் வேண்டாம் என்று சொல்லவில்லை. பாங்குகளும் பொதுத்துறை நிறுவனங்களும் ஸ்போர்ட்ஸ் கோட்டாவைச் சுருக்காமல் எடுக்கட்டும். சீசன் மாதங்களில் ஆட்டக்காரனுக்கு லியன் கொடுத்து அனுப்பட்டும். வேலை பத்திரமாக இருக்கும், அந்த மாதச் சம்பளம் கிளப்பின் தலையில். சர்வீஸ் ரூலில் லியன் ஒன்றும் புதிய வார்த்தை இல்லை. மனசுதான் வேண்டும்.

பிள்ளையை அகாடமியில் சேர்க்கும் பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. அது சென்னையோ டொராண்டோவோ, ஜெர்சி கலரையும் ஃபீசையும் மட்டும் விசாரிக்காதீர்கள். "முப்பத்தைந்து வயதில் இவன் எங்கே உட்காருவான்?" என்று கேளுங்கள். எஸ்.பி.டி.யிடம் அதற்கு ஒரு நாற்காலி இருந்தது. இப்போது டீம் நடத்துகிறவர்களிடம் என்ன இருக்கிறது என்று அவர்கள்தான் சொல்ல வேண்டும்.