நீரே தெருவாகிய நகரம்

வெனிஸ் நகரைக் குறித்து எழுதப் புகுவோர் பெரும்பாலும் அதன் நிலவொளியையும் கொண்டோலாப் படகையும் வியந்து அமைவர். அவ்வியப்பு நமக்குப் போதியதாகத் தோன்றவில்லை. அந்நகரத்துக் கால்வாய்கள் அழகுக்கென அமைந்தனவல்ல, அவை தெருக்கள். ஏறத்தாழ 118 தீவுகளின்மேல் எழுந்த அவ்வூரினுள் மோட்டார் வண்டி ஓடும் வழியில்லை. ரொட்டியும் செங்கல்லும் குப்பையும் படகிலேயே செல்வன. நோயாளியை மருத்துவமனைக்குக் கொண்டு செல்வதும் படகு; இறந்தோரைச் சான் மிக்கேலே என்னும் கல்லறைத் தீவில் சேர்ப்பதும் படகு. பழைய மாளிகைகளின் தலைவாயில் நீரை நோக்கியே நிற்கும். நடந்து வருவோர்க்குப் புழைக்கடை வாயிலே உரியது. ஊரை ஊடறுத்து வளைந்தோடும் பெருங்கால்வாயின்மீது 1854 ஆம் ஆண்டு வரை ரியால்டோப் பாலம் ஒன்றே இருந்ததெனின், படகுத்துறையின் பெருமை சொல்லவும் வேண்டுமோ?

நீர் நடுவே வாழ்ந்தும் அம்மக்கள் குடிநீர்க்கு வானத்தையே நம்பினர். சூழ்ந்த நீர் உவர்நீராதலின், முற்றங்களில் பெய்த மழையை மணலில் வடித்துக் கிணற்றிற் சேர்த்தனர். 1884 இல் குழாய்நீர் வந்த பின்னரே அத்துன்பம் நீங்கிற்று.

கடலின் ஏற்றவற்றம் நாள்தோறும் இருமுறை கால்வாய்களைக் கழுவிச் செல்லும். ஆயினும் சேறு படிவது நில்லாது. இருபுறமும் அணையிட்டு, நீரை இறைத்து, சேற்றை வாரி, கரைச்சுவரைச் செப்பனிடுதல் வேண்டும். இஃது ஒருவன் தன் வாயிலளவில் செய்து முடிக்கும் வேலையன்று. இதனை உணர்ந்தே அக்குடியரசு 1501 இல் நீர்காப்புக்கெனத் தனி அதிகாரிகளை நியமித்தது. கழிமுகத்தை வண்டல் தூர்க்காதவாறு ஆறுகளையும் வேறுவழி திருப்பியது. பத்தொன்பதாம் நூற்றாண்டினரோ பல கால்வாய்களை மண்ணிட்டு நிரப்பி நடைபாதையாக்கினர். நடப்பதற்கு எளிது என்பர். எளிதுதான்; ஆனால் நீர்வாயில் வீடுகள் பல தம் தெருவை இழந்தன.

1966 நவம்பர் 4 ஆம் நாள் வெள்ளம் 194 சென்டிமீட்டர் உயர்ந்தது. இன்று அத்தகைய பெருக்கைத் தடுக்கக் கடல்வாயிலில் எழும்பும் கதவுகள் உள்ளன. 2020 இல் அவை முதன்முறை வெள்ளத்தைத் தடுத்து நிறுத்தின. குடிகள் வெளியேறுவதைத் தடுக்கும் கதவு யாது? 1951 இல் ஏறத்தாழ 1,75,000 பேர் வாழ்ந்த பழநகரில் இப்போது 50,000 பேரும் இல்லை. வீடுகள் விருந்தினர் விடுதிகளாகின்றன. பகற்பொழுதில் வந்து மீள்வோரிடம் 2024 முதல் சில நாட்களில் கட்டணம் பெறுகின்றனர். அதனால் நெரிசல் சிறிது குறையலாம். அகன்ற குடும்பம் ஒன்றேனும் மீளுமென நாம் கருதவில்லை. உழைப்போர் தாங்கும் வாடகையில் வீடுகளை ஒதுக்குவதே நகராட்சியார் முதலிற் செய்யத்தக்கது. சேறு வாரும் செலவும் அதன்பின்னரே பயனுடையதாகும்; ரொட்டிப் படகு வந்து நிற்க ஒரு வீட்டுவாயில் வேண்டுமன்றோ?