குரல் யாருக்குச் சொந்தம்?

திருவனந்தபுரம் சுவாதித் திருநாள் இசைக் கல்லூரியில் பணமில்லாமல் படிப்பைப் பாதியில் விட்ட மாணவர், 1980-ல் அதே ஊரில் ‘தரங்கிணி’ என்ற ஒலிப்பதிவு நிறுவனத்தைத் தொடங்கினார். கேரளத்தில் ஸ்டீரியோ முறையில் பாட்டைப் பதிவு செய்த முதல் ஸ்டுடியோ அது. அவர் கே.ஜே. யேசுதாஸ். பாடகர் என்றால் பாடிவிட்டு, கவரை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறவர் என்றிருந்த காலத்தில், தன் குரல் பதிவான டேப்புக்குத் தானே முதலாளி ஆவது சின்ன விஷயமல்ல. எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரிய, கொஞ்சம் லண்டன் பக்கம் போக வேண்டும்.

அங்கே 1987-ல் ‘மார்ஸ்’ என்ற குழு ‘பம்ப் அப் த வால்யூம்’ என்ற நடனப் பாட்டை வெளியிட்டது. அடுத்தவர்களின் இசைத்தட்டுகளிலிருந்து சில விநாடித் துண்டுகளை வெட்டி, ‘சாம்ப்ளர்’ கருவியில் ஏற்றி, விசையைத் தட்டும்போதெல்லாம் ஒலிக்கவிட்டு, அடியில் மின்னணுத் தாளத்தை ஓட்டிய பாட்டு. தையல்கடை வெட்டுத்துணியில் போர்வை தைப்பது மாதிரி. அக்டோபரில் பிரிட்டனில் முதலிடம். கூடவே நீதிமன்றத் தடையும் வந்தது. ‘ரோட்பிளாக்’ என்ற தங்கள் பாட்டிலிருந்து ஒரு துண்டு போயிருக்கிறது என்று, அன்று வெற்றிகளைக் குவித்துக்கொண்டிருந்த ஸ்டாக், எய்ட்கென், வாட்டர்மேன் மூவர் அணி வழக்குப் போட்டது. பிறகு சமரசமானது.

கத்தரிக்கோல் இந்தியப் பாட்டுகள் மீதும் விழுந்தது. 2002-ல் அமெரிக்காவில் ட்ரூத் ஹர்ட்ஸ் பாடிய ‘அடிக்டிவ்’ ஹிட்டானது. அதில் திரும்பத் திரும்பக் கேட்ட குரல் லதா மங்கேஷ்கருடையது. 1981-ல் வந்த ‘ஜோதி’ படப் பாட்டு. இசையமைத்த பப்பி லஹிரியும் சரிகம நிறுவனமும் வழக்குத் தொடுத்தனர். லஹிரியின் பெயரைப் போடாமல் ஆல்பத்தை விற்கக் கூடாது என்று 2003-ல் லாஸ் ஏஞ்சல்ஸ் நீதிமன்றம் உத்தரவிட்டது. வாதிகள் பட்டியலில் லதா இல்லை. துண்டை எடுக்க டேப் வைத்திருப்பவரிடமும் மெட்டுக்கு உரிமையாளரிடமும் அனுமதி கேட்பார்கள். பாடியவரிடம் கேட்கும் வழக்கமில்லை.

நம் சட்டமும் அப்படித்தான் இருந்தது. 1957-ம் வருட காப்புரிமைச் சட்டத்தில் பாடகர் என்ற பிறவியே கிடையாது. இதைச் சுட்டிக்காட்டியவர் ஒரு கேரளத்துக்காரர். சினிமாப் பாட்டின் உரிமை படத் தயாரிப்பாளருக்கே என்று 1977-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது, நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் தனிக் குறிப்பு ஒன்றைச் சேர்த்தார். பாடுகிறவனுக்கு உரிமையில்லாத சட்டம் நம் இசை மரபுக்கே பொருந்தவில்லை என்பது அதன் சாரம். (அந்தச் சட்டம் வந்த அதே 1957-ல் அவர் திருவனந்தபுரத்தில் சட்ட அமைச்சர்!) 1994 திருத்தம் பாடகருக்கு உரிமை தந்தது, சினிமாவுக்குப் பாடச் சம்மதித்த கையோடு அதைப் பறித்தும் கொண்டது. ராயல்டியில் பங்கு உண்டு என்று சட்டம் சொல்ல 2012 ஆயிற்று.

தரங்கிணி வெளியிட்ட ஓணப் பாட்டு கேசட்டுகளில் பாடகரும் முதலாளியும் ஒருவரே. சினிமாவில் யேசுதாஸுக்கும் அந்த வசதி கிடையாது. 1991 தீபாவளிக்கு வந்த ‘தளபதி’யில் அவரும் எஸ்.பி. பாலசுப்ரமணியமும் பாடிய ‘காட்டுக்குயிலு’ ஞாபகமிருக்கும். இளையராஜா இசை, கேசட் லஹரி நிறுவனத்துடையது. லண்டனில் வாழ்ந்த ஈழத் தமிழ்ப் பெண் எம்.ஐ.ஏ., 2007-ல் தன் தாயின் பெயரில் ‘கலா’ ஆல்பத்தைக் கொண்டுவந்தபோது, முதல் பாட்டான ‘பாம்பூ பங்கா’வில் இந்தப் பாட்டிலிருந்து ஒரு துண்டு சேர்ந்தது. ஆல்பக் குறிப்பில் இளையராஜாவுக்கு இடம் உண்டு.

பத்து வருடம் கழித்து அந்த இரண்டு பாடகர்களில் ஒருவருக்கு வக்கீல் நோட்டீஸ் வந்தது. 2017-ல் அமெரிக்கக் கச்சேரிப் பயணத்திலிருந்த எஸ்.பி.பி.க்கு, அனுமதியின்றித் தன் பாட்டுகளை மேடையில் பாடக் கூடாது என்று அனுப்பியவர் இளையராஜா. மீதிக் கச்சேரிகளில் எஸ்.பி.பி. மற்ற இசையமைப்பாளர்களின் பாட்டுகளைப் பாடினார்.