பந்தல் பிரித்த பிறகு

ஒரு கல்யாணம் எப்படி நடந்தது என்று ஊரார் பேசிக்கொள்ளும்போது என்னென்ன சொல்வார்கள்? மேளக் கச்சேரி எப்படி இருந்தது, பெண்ணின் கூறைப் புடவை என்ன விலை, பந்தியில் எத்தனை வகை இனிப்பு, வாசலில் எத்தனை கார் நின்றது என்றெல்லாம் சொல்வார்கள். மறுநாள் காலையில் மண்டபத்தின் பின்பக்கத்தை எட்டிப் பார்த்துவிட்டு வந்து கல்யாணத்தைப் பற்றி அபிப்பிராயம் சொல்பவர் யாரும் இல்லை. அதற்குள் சம்பந்திகள் ஊருக்குப் புறப்பட்டுவிடுகிறார்கள். சமையற்காரர் அண்டாக்களை ஏற்றிக்கொண்டு அடுத்த முகூர்த்தத்துக்குப் போய்விடுகிறார். எஞ்சி நிற்பவர் தூய்மைப் பணியாளர் ஒருவர்தாம்.

அவர் கைக்கு வந்து சேர்வது என்ன? சோறும் குழம்பும் ஒட்டிய வாழை இலைகள், அந்த இலைகளோடு சேர்த்துச் சுருட்டிய மேஜை விரிப்பு, பாதி குடித்து வைத்த தண்ணீர்ப் பாட்டில்கள், காப்பிக் கோப்பைகள், ஐஸ்கிரீம் கிண்ணங்கள், மேடையில் ஒரே ஓர் இரவு ஜொலித்த தெர்மோகோல் தாமரைகள். எல்லாம் ஒன்றோடொன்று பிசைந்து கிடக்கும். பிரித்து வைத்திருந்தால் இலை உரமாகும். பாட்டில் பழைய சாமான் கடைக்குப் போகும். பிசைந்த பிறகு இரண்டுக்கும் வழியில்லை. லாரி ஏறிக் குப்பைமேட்டுக்குப் போவதே கதி.

இந்தக் காட்சி சிலருடைய மனத்தை உறுத்தத் தொடங்கியிருப்பது நல்ல செய்தி. ‘பசுமைக் கல்யாணம்’ என்ற பேச்சு இப்போது அங்கங்கே காதில் விழுகிறது. பத்திரிகை அச்சடிக்காமல் கைப்பேசியிலேயே அழைப்பு அனுப்புகிறார்கள். தாம்பூலத்தை மஞ்சள் பையில் போட்டுக் கொடுக்கிறார்கள். சிலர் மரக்கன்று தருகிறார்கள். சிலர் விதைப் பொட்டலம் தருகிறார்கள். பிள்ளைகள் வற்புறுத்துகிறார்கள், பெற்றோர் முதலில் முகம் சுளித்துவிட்டுப் பிறகு சம்மதிக்கிறார்கள். வளர வேண்டிய வழக்கம் இது. எந்தத் திசையில் வளர வேண்டும் என்று யோசிக்க வேண்டிய வேளையும் இதுவே.

பழைய பந்தல்

இதில் புதுமை என்ன இருக்கிறது என்பார்கள் பெரியவர்கள். அவர்கள் சொல்வதில் நியாயம் உண்டு. தென்னங்கீற்றுப் பந்தல், குருத்தோலைத் தோரணம், மாவிலை, வாசலில் குலை தள்ளிய வாழை இரண்டு. கல்யாணம் முடிந்ததும் வாழைத் தண்டு கறிக்கு, இலை மாட்டுக்கு, கீற்று அடுப்புக்கு. பந்தற்காலோடு சேர்த்து நடும் கல்யாண முருங்கைக் கொம்பு, ஈர மண் கிடைத்தால் வேர் பிடித்துத் துளிர்க்கக் கூடியது. பாலிகைக் கிண்ணத்தில் முளைத்த நவதானியத்தை ஆற்றிலோ குளத்திலோ கரைத்துவிடுவார்கள். பத்தமடையில் மணமக்களின் பெயரைப் பின்னிக் கொடுக்கும் கோரைப்பாய் பல வருஷங்கள் வீட்டில் இருக்கும். பாத்திரம் வாடகைக்கு வரும். துலக்கித் திருப்பிக் கொடுத்தால் சரி. தூக்கி எறிவதற்கென்றே காசு கொடுத்து வாங்கும் பண்டம் அந்தக் கல்யாணங்களில் அநேகமாக இல்லை.

அதற்காகப் பழைய கல்யாணத்தை வாயாரப் புகழ்ந்துவிடவும் முடியாது. நாட்கணக்கில் விருந்து வைத்து நிலத்தை அடகு வைத்த குடும்பங்கள் உண்டு. பெண் கல்யாணக் கடன் தீருமுன்பே கண்ணை மூடிய தகப்பனார்களும் உண்டு. அந்த ஆடம்பரத்தை எதிர்த்தவர்களும் இந்த மண்ணிலேயே தோன்றினார்கள். காந்தி வழியில் கதர் உடுத்தி எளிமையாக மாலை மாற்றிக்கொண்டவர்கள் ஒரு பக்கம். பெரியாரின் சுயமரியாதைத் திருமணம் இன்னொரு பக்கம். அண்ணா முதலமைச்சராக இருந்தபோது 1967-இல் வந்த சட்டத் திருத்தம், உற்றார் நண்பர் முன்னிலையில் மாலை மாற்றிக்கொண்டாலோ மோதிரம் அணிவித்தாலோ திருமணம் செல்லும் என்று சொன்னது. செலவைக் குறைப்பது கௌரவக் குறைச்சல் என்ற எண்ணத்தை முதலில் அசைத்துப் பார்த்தவர்கள் இவர்கள். இன்றைய பசுமைக் கல்யாணத்துக்கு உண்மையான முன்னோடிகளும் இவர்களே.

துணி போல ஒரு பை

தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் 14 வகைப் பிளாஸ்டிக் பொருள்கள் தடை செய்யப்பட்டன. அந்தப் பட்டியலைப் படித்தால் கல்யாண மண்டபத்தை மனத்தில் வைத்தே எழுதினார்களோ என்று தோன்றும். சாப்பாட்டு மேஜையில் விரிக்கும் பிளாஸ்டிக் தாள், பிளாஸ்டிக் பூசிய காகிதத் தட்டு, பிளாஸ்டிக் பூசிய காகிதக் கோப்பை, தெர்மோகோல் கோப்பை, உறிஞ்சு குழல் எல்லாம் அதில் அடக்கம். 2021 டிசம்பரில் ‘மீண்டும் மஞ்சப்பை’ இயக்கம் தொடங்கியது. 2022 ஜூலை 1 முதல் நாடு முழுவதற்குமான தடை ஒன்றும் வந்தது.

சட்டம் வந்த பிறகும் சாமான் வேறு வேஷத்தில் வருகிறது. பல மண்டபங்களில் கொடுக்கிற தாம்பூலப் பையைத் தொட்டுப் பாருங்கள். துணி போலவே மெத்தென்று இருக்கும். ஆனால் நெய்த இழை ஒன்றும் அதில் இல்லை; பாலிப்ரொப்பிலீன் என்னும் பிளாஸ்டிக்கை உருக்கி, நூலாக இழுத்து, அழுத்திச் செய்தது. பருத்தித் துணி எரிந்து சாம்பலாகும். இது உருகிச் சொட்டும். தடைப் பட்டியலில் உள்ள 14-இல் இந்தப் பையும் ஒன்று என்பது வாங்குகிறவர்களில் பலருக்குத் தெரிவதில்லை. மேடை அலங்காரத்தில் பூச்செருகும் பச்சை நுரைக்கட்டியும் பிளாஸ்டிக் ஜாதியே. பூ வாடி மக்கிப் போகும். கட்டி பொடிப்பொடியாகி மண்ணிலேயே கிடக்கும்.

இதனால் யாருக்கு என்ன நஷ்டம் என்று கேட்கிறவர்களுக்கு ஒரு சங்கதி. 2019-இல் சென்னையில் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழக மருத்துவர்கள் ஒரு பசுவின் வயிற்றிலிருந்து 52 கிலோ பிளாஸ்டிக்கை அறுவை செய்து எடுத்தார்கள். பசு பிளாஸ்டிக்கைத் தேடிப் போய்த் தின்பதில்லை. சோற்று வாசனையும் இலை வாசனையும் வீசும் மூட்டையை அது தின்கிறது. மூட்டைக்குள் என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்க்க அதற்குக் கை இல்லை. பசுவை மாலையிட்டு அழைத்து வந்து கிருகப்பிரவேசம் செய்கிற ஊரில் இது நடக்கிறது.

சென்னைக் குப்பை பல்லாண்டுகளாகக் கொட்டப்பட்ட பெருங்குடிக் கிடங்கு, பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தைத் தின்றே வளர்ந்தது. மழைநீரை வாங்கிக்கொண்டு தென் சென்னையை வெள்ளத்திலிருந்து காக்க வேண்டிய பூமி அது. 2022-இல் அந்தச் சதுப்பு நிலம் ராம்சார் பட்டியலில் சேர்ந்து உலக முக்கியத்துவம் பெற்றது. உலகம் போற்றும் நீர்நிலையின் மடியில்தான் நகரத்துக் கல்யாணங்களின் மிச்சமும் போய் விழுந்தது.

இலையில் மிஞ்சுவது

பிளாஸ்டிக்கை விடப் பெரிய பாவம் ஒன்று உண்டு. அது வாழை இலையிலேயே கிடக்கிறது. பெங்களூரில் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தார் கல்யாண மண்டபங்களை ஆராய்ந்து, அந்த ஒரு நகரத்தில் மட்டும் ஆண்டுக்கு 943 டன் நல்ல உணவு வீணாகிறது என்று 2012-இல் கணக்குச் சொன்னார்கள். தமிழ்நாட்டுப் பந்திகள் அதற்கு இளைத்தவை என்று நம்ப இடமில்லை.

ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஆயிரம் பேர் சாப்பிடுகிறார்கள். இலைக்கு ஒரு பிடி, அதாவது 50 கிராம் சோறு மிஞ்சுகிறது. மொத்தம் 50 கிலோ சோறு. அதற்கு அரிசி சுமார் 20 கிலோ. நெல் சுமார் 30 கிலோ. ஒரு கிலோ நெல் விளைய ஏறத்தாழ 2,500 லிட்டர் தண்ணீர் வேண்டும் என்பது உலகச் சராசரி. ஆக 75,000 லிட்டர்! பெரிய தண்ணீர் லாரி 12,000 லிட்டர் பிடிக்கும் என்றால் ஆறு லாரித் தண்ணீரை ஒரு பந்தல் கீழே கொட்டிவிட்டது என்று அர்த்தம். பாயசமும் வடையும் இந்தக் கணக்கில் சேரவில்லை.

இவ்வளவு மிஞ்சுவதற்குச் சாப்பிடுகிறவர் மட்டும் காரணம் இல்லை. ஆள் உட்காருமுன்பே இலை நிறையப் பரிமாறிவிடும் வழக்கம் வந்துவிட்டது. இருபது முப்பது பதார்த்தம் வைத்தால்தான் மதிப்பு என்ற நினைப்பும் வந்துவிட்டது. எத்தனை பேர் வருவார்கள் என்பதும் ஊகமே. ‘குறைந்து போயிற்று என்ற பேர் மட்டும் வரக்கூடாது’ என்று பெண் வீட்டார் நூறு இலை கூட்டிச் சொல்கிறார்கள். சமையற்காரர் தம் பங்குக்குக் கொஞ்சம் கூட்டிக்கொள்கிறார்.

உட்கார்ந்த பிறகு கேட்டுப் பரிமாறினாலே பாதி மிச்சம் குறையும். முதல் சுற்றில் கொஞ்சமாக வைத்து, இரண்டாம் சுற்றில் வேண்டியவருக்கு வேண்டியதை வைப்பதுதான் பழைய பந்தி மரியாதை. அப்படியும் அண்டாவில் மிஞ்சுவதை உரியவரிடம் சேர்க்க வழி உண்டு. 2014-இல் கோவையில் இளைஞர்கள் தொடங்கிய ‘நோ ஃபுட் வேஸ்ட்’ போன்ற அமைப்புகள் இதற்காகவே ஏற்பட்டன. மிஞ்சிய உணவைத் தானம் செய்வதற்கான விதிகளை மத்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2019-இல் வகுத்தது. சோறு புளித்த பிறகு கூப்பிடுவதில் பயன் இல்லை. முகூர்த்தத்துக்கு முந்திய தினமே சொல்லி வைத்து, யார் தகவல் தருவது என்று வீட்டில் ஒருவரைப் பொறுப்பாக்கிவிட வேண்டும்.

பசுமையும் ஆடம்பரம் ஆகலாமா?

இங்கே ஓர் எச்சரிக்கை தேவைப்படுகிறது. எந்த நல்ல காரியத்தையும் வியாபாரம் சீக்கிரத்தில் மோப்பம் பிடித்துவிடும். விதை வைத்த அழைப்பிதழ், அழகுப் பெட்டியில் அடைத்த செடி, ‘இயற்கை’ மேடை அலங்காரம் என்று பசுமைக்கே தனி விலைப் பட்டியல் வந்துவிட்டது. ஆயிரம் பேருக்கு ஆயிரம் மரக்கன்று கொடுத்தால் புகைப்படம் நன்றாக அமையும். அடுக்கு வீட்டில் குடியிருப்பவர் புங்கங்கன்றை எங்கே நடுவார்? பஸ்ஸில் ஊர் போய்ச் சேருமுன்பே வாடிவிடும் கன்றுகள் எத்தனை! பத்துக் கன்றை ஊர்ப் பள்ளிக்கூடத்தில் நட்டு, மூன்று வருஷம் தண்ணீர் ஊற்ற ஏற்பாடு செய்வது மேல்.

பசுமைக் கல்யாணம் என்பது செலவுப் பட்டியலில் புதிதாக ஒரு வரி சேர்ப்பது என்று ஆகிவிட்டால், அது பணக்காரர் வீட்டு வேடிக்கையாகவே நின்றுவிடும். பட்டியலில் நாலு வரியை அடிப்பது என்று ஆனால், பூமிக்கும் நல்லது, பெண்ணைப் பெற்றவருக்கும் நல்லது. பாட்டில் தண்ணீருக்குப் பதில் எவர்சில்வர் டம்ளர்; முப்பது பதார்த்தத்துக்குப் பதில் பன்னிரண்டு; இரண்டு நாள் மேடைக்குப் பதில் ஒரு வேளை முகூர்த்தம். இவற்றில் ஒன்றுக்கும் கூடுதலாகக் காசு வேண்டாம்.

வழியெங்கும் வைக்கிற வரவேற்பு பேனரை முதல் வரியாகவே அடித்துவிடலாம். 2019 செப்டம்பரில் பள்ளிக்கரணையில் ஒரு கல்யாணத்துக்காக வைத்த பேனர் சரிந்து விழுந்து, இரு சக்கர வண்டியில் வந்த இளம் பெண் ஒருவர் உயிர் இழந்தார். ஒரு வீட்டு மங்கலம் இன்னொரு வீட்டைச் சூனியமாக்கியது. அதற்கு மேல் ஒரு பாடம் வேண்டுமா?

யார் தொடங்குவது?

மணமக்கள் மட்டும் நினைத்தால் போதாது. மண்டபக்காரர் மனம் வைத்தால் பாதி வேலை முடிந்துவிடும். ஆயிரம் டம்ளரும், துலக்குவதற்கு இடமும், குடிநீர்ப் பீப்பாயும் அவரிடம் இருந்தால் பாட்டில் எதற்கு? இலைக்கு ஒரு தொட்டி, மற்றதற்கு ஒரு தொட்டி என்று பந்தி முடியும் இடத்திலேயே வைத்து, ஓர் ஆளையும் நிறுத்தினால் இலை இலையாகவே உரக்கிடங்குக்குப் போகும். நூறு பேருக்கு மேல் கூடும் நிகழ்ச்சியை நடத்துகிறவர் குப்பையைத் தரம் பிரித்து ஒப்படைக்கும் பொறுப்பை 2016-ஆம் ஆண்டின் திடக்கழிவு விதிகளே பேசின. கேரளத்தில் சுசித்வ மிஷன் என்னும் அரசு அமைப்பு, கல்யாண வீடுகளிலும் தூக்கி எறியும் தட்டு, டம்ளர்களை விலக்கும் பசுமை விதிமுறையைப் பரப்பியது. பக்கத்து வீட்டில் முடிந்த காரியம் இங்கே முடியாதா?

எல்லாவற்றுக்கும் குறுக்கே நிற்பது ஒரே ஒரு பயம்: ‘நாலு பேர் என்ன சொல்வார்கள்?’ அந்த நாலு பேரும் தங்கள் வீட்டுக் கல்யாணத்தில் இதே பயத்தால்தான் கடன் வாங்கினார்கள். யாராவது ஒருவர் முந்திக்கொண்டால் மற்றவர் பின்தொடரக் காத்திருக்கிறார்கள்.

தமிழர் வீட்டுக் கல்யாணத்தில் மொய் நோட்டுக்கு ஒரு மரியாதை உண்டு. யார் எவ்வளவு வைத்தார் என்று ஒரு ரூபாய் விடாமல் எழுதி, வருஷக் கணக்காகப் பத்திரப்படுத்துகிறார்கள். அதே நோட்டின் கடைசிப் பக்கத்தில் இன்னும் சில வரிகள் எழுதினால் என்ன? எத்தனை இலை போட்டோம், எவ்வளவு சோறு மிஞ்சியது, அதில் எவ்வளவு பசித்தவர் வயிற்றுக்குப் போயிற்று, எத்தனை மூட்டை குப்பை லாரி ஏறியது என்று எழுதட்டும். தம்பிக்குக் கல்யாணம் வரும்போது அக்காள் கல்யாணத்துப் பக்கத்தைப் புரட்டிப் பார்த்து, அதைவிட ஒரு மூட்டை குறைத்துக் காட்டட்டும்.