மாறாட்டம் முதுமையன்று!

பெரும்போக விதைப்பு முடிந்திருந்த காலம். தண்ணீரூற்றிலிருந்து இரவு ஒன்பது மணிக்கு அழைப்பு வந்தது. "ஐயாவுக்கு மாறாட்டம் வந்திட்டுது. இனித் தெளியமாட்டார் போலை. உறுதியிலை கையெழுத்து வைக்கவேணும், உடனை வாருங்கோ" என்றார் மூத்த மகன். அன்று மாலையே என் லிகிதரிடம் விவரம் கொடுத்து நகலும் எழுதுவித்திருந்தார். சட்டத்தரணியும் நொத்தாரிசுமாகிய எனக்கு இத்தகைய அழைப்புப் புதிதன்று. நகலை எடுத்துக்கொண்டு சென்றேன். பின்னர் நடந்தவற்றை அப்பெரியவரின் சம்மதத்துடனேயே இங்கு எழுதுகின்றேன்.

எழுபதைத் தாண்டிய கமக்காரர் அவர். நான்கு நாட்களுக்கு முன்புதான் பசளை விலைபற்றி என்னோடு வாதாடி, என்னை வாயடைக்கச் செய்தவர். அன்றிரவோ கூரையைப் பார்த்து, இறந்துபோன தமையனாரோடு பேசிக்கொண்டிருந்தார். "மடையைத் திற" என்றார். போர்வையின் நூலைக் கிள்ளிக் கிள்ளி எடுத்தார். என்னை யாரென்று அறியவில்லை. சற்று நேரத்தில், "தம்பி, எப்ப வந்தனீர்?" என்று தெளிவாக வினவிய அவரே மறுகணம் மீண்டும் மடைக்குப் போய்விட்டார். மூன்று நாட்காய்ச்சல். தடிமனுக்கெனக் கடையில் வாங்கிய, தூக்கம் தரும் குளிசை வேறு.

"அறளை பேந்திட்டுது" என்றார் ஒருவர். சுடலைப் பக்கமாக வந்ததால் ஏதோ பிடித்துவிட்டது என்றார் இன்னொருவர். யான் என்ன செய்தேன்? வெட்கத்தை விட்டுச் சொல்கின்றேன்: என் கண் முதலில் சென்றது நோயாளியின்மீதன்று, சாட்சிகள் இருவரும் வந்துவிட்டனரா என்பதன்மீதே! வாயிற்படியில் நின்ற மருமகள்தான் கேட்டார்: "நாலு நாளைக்கு முந்தி விதைநெல்லுக் கணக்குப் பார்த்த மனிசனுக்கு ஒரு ராத்திரியிலை அறளை வருமோ? காலமை தொடக்கம் சலமும் போகேல்லை." நீதிமன்றங்களில் யான் கேட்ட குறுக்கு விசாரணைகளுள் இதற்கு நிகரானது மிகச் சிலவே. 1990 என்னும் இலக்கத்துக்கு அழைத்தோம். 2018இல் வடமாகாணத்துக்கும் வந்த இலவச அம்புலன்ஸ் அவரை மாஞ்சோலை வைத்தியசாலைக்குக் கொண்டு சென்றது. அடைபட்ட சிறுநீரைக் குழாய் வழியே வெளியேற்றினர். சிறுநீர்த் தொற்றுக்கு மருந்து ஏற்றினர். ஐந்தாம் நாள் அவர் பத்திரிகை கேட்டார்.

இந்நோய் எம்மவர் அறியாததன்று. காய்ச்சலோடு வரும் பிதற்றலைச் சன்னி என்றனர் எம் பழைய வைத்தியர். முக்குற்றமும் ஒருங்கே கெட்டமையால் வந்ததென்று உடலிலேயே அதற்குக் காரணம் தேடினர். பேயிடத்தில் தேடவில்லை. மேல்நாட்டார் அதற்கிட்ட பெயரோ கமக்காரருக்கு உவப்பான ஒன்று. டெலிரியம் என்னும் இலத்தீன் சொல்லுக்கு உழவுசாலை விட்டு விலகுதல் என்பதே அடிப்பொருள். ஏர் முறியவில்லை, சாலை விட்டுத்தான் விலகியிருக்கின்றது!

அறளைக்கும் இதற்கும் உள்ள வேறுபாட்டை வீட்டிலிருப்போரே அறியலாம். அறளை ஆண்டுக்கணக்கில் ஊர்ந்து வருவது. இது மணிக்கணக்கில் அல்லது ஓரிரு நாட்களில் வருவது. பகலில் தெளிந்து இரவில் மோசமாகும். கவனம் ஓரிடத்தில் நில்லாது. கிழமை நாட்களைப் பின்னிருந்து முன்னாகச் சொல்லும்படி கேளுங்கள். வழமையாகச் சொல்லக்கூடியவர் இடையிலே தொலைந்து போவார். அறளை உள்ளவர்க்கும் இது மேலேறி வரலாம் என்பதையும் மறத்தலாகாது.

காரணம் சிறுநீர்த் தொற்றாகலாம், நியுமோனியாவாகலாம். உடலில் நீர் வற்றுதல், உப்புக் குறைதல், நீரிழிவுக்காரருக்குச் சீனி திடீரெனத் தாழ்தல், மலச்சிக்கல், சத்திரசிகிச்சை ஆகியனவும் உண்டு. சேற்றில் இறங்குவோர் எலிக்காய்ச்சலை நினைவில் வைத்தல் வேண்டும். மலேரியா அற்ற நாடென்று இலங்கைக்கு 2016இல் உலக சுகாதார நிறுவனம் சான்று வழங்கியது உண்மையே. ஆயினும் காய்ச்சலோடு அறிவு மயங்குவது அச்சான்றால் நின்றுவிடவில்லை. நாள்தோறும் சாராயம் அருந்தியவர் திடீரென நிறுத்தி, இரண்டாம் மூன்றாம் நாளில் சுவரிலே பூச்சி ஊர்கின்றது என்பாராயின், அதுவும் உயிராபத்தே.

கத்துகின்றவரை யாரும் கவனிப்பர். அமைதியாய் மயங்கிக் கிடப்பவர்தாம் தப்பிப் போகின்றனர். என் சிறிய தாயார் இரண்டு நாள் அழைத்தால் கண் திறப்பதும் மீண்டும் மூடுவதுமாய் இருந்தார். "நல்லா நித்திரை கொள்ளுறா, எழுப்பாதையுங்கோ" என்றோம். நுரையீரலில் தொற்று முற்றிவிட்டதை மூன்றாம் நாள்தான் அறிந்தோம்.

இனிச் சட்டத்துக்கு வருவோம். உடல்நோயும் அறிவை மறைக்கும் என்பதை 1895ஆம் ஆண்டின் சான்றுக் கட்டளைச் சட்டம், சாட்சியின் தகைமை கூறும் 118ஆம் பிரிவிலேயே ஏற்றுக்கொண்டது. காணி உறுதிக்கு நொத்தாரிசும் இரு சாட்சிகளும் வேண்டுமென்பது 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். ஆனால் நொத்தாரிசும் சாட்சிகளும் கூடிவிட்டதனால் மயங்கியவரின் மனம் தெளிந்துவிடுமா? அவ்வாறு பெற்ற கையெழுத்து உடன்பிறந்தாரை ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படியேற்றும். இங்கிலாந்தில் 1883இல் பார்க்கர் எதிர் ஃபெல்கேட் என்னும் வழக்கிலே, அரைமயக்கத்தில் ஒப்பமிடப்பட்ட மரணசாசனம் செல்லுமெனத் தீர்ந்தது. தெளிவாயிருந்த காலத்திலே அப்பெண்மணி தம் கருத்தை வழக்கறிஞரிடம் கூறி வைத்திருந்தமையே அதனைக் காத்தது. எனவே சாசனத்தைச் சுகமாய் இருக்கும்போது எழுதுங்கள். மாறாட்டம் கண்ட இரவில் அழைக்கவேண்டியவன் நான் அல்லேன்!

வைத்தியசாலைகளை நடத்துவோரிடமும் ஒன்று கேட்கின்றோம். அமெரிக்காவில் 70 வயதைக் கடந்த 852 நோயாளரிடம் நடத்திய ஆய்வு 1999இல் வெளியாயிற்று. வழமையான பராமரிப்பில் 100க்கு 15 பேருக்கு வந்த இம்மயக்கம், சிறப்புக் கவனிப்பில் 10க்குச் சற்றுக் கீழே இறங்கியது. என்ன பெருமருந்து கொடுத்தனர்? மூக்குக்கண்ணாடி, செவிக்கருவி, குடிக்க நீர், இரவிலே இடையூறற்ற உறக்கம், எழுப்பி நடத்தல், இன்ன நாள் இன்ன இடம் என்று எடுத்துரைத்தல் ஆகியவையே! இவற்றுக்குக் கோடிகள் தேவையா? மயங்கிய முதியவரருகே இரவில் அவர் முகமறிந்த ஒருவரை இருக்க விடுங்கள். வேறு மாவட்டத்துக்கு மாற்றினால், அவருடைய மொழியிலே பேசும் ஒருவரை அருகில் வையுங்கள். தமிழும் ஆட்சிமொழியாகும் என்று 1987இல் அரசியலமைப்பில் எழுதப்பட்டது, இருக்குமிடம் எதுவென்று தெரியாது கலங்கும் கிழவருக்கும் சேர்த்துத்தான்.

அறுவடை முடிந்தபின் பெரியவர் என் காரியாலயத்துக்கு வந்தார். அன்றிரவு கொண்டு சென்ற நகலைக் கேட்டு வாங்கி, கண்ணாடியை மாட்டி, ஆறுதலாக வாசித்தார். வவுனியாவில் மணம்செய்து கொடுத்த மகளின் பெயர் அதில் இல்லை.