இருபது ஆண்டுகள், ஒரே வாசல்



இந்த மாத அட்டையில் இருப்பது அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில், சோனோரன் பாலைவனத்தில் வாழும் டாரண்டுலா சிலந்தி. பார்த்ததும் சிலருக்கு உடம்பு கூசியிருக்கும். குழந்தைகள் கையில் இதழ் போகுமே என்று யோசித்த வீடுகளும் இருக்கும். அப்படியும் இந்தப் படத்தைத்தான் போடவேண்டும் என்று நான் உறுதியாக இருந்தேன். 1962இல் வந்த ‘டாக்டர் நோ’ படத்தில் ஜேம்ஸ் பாண்டின் படுக்கையில் ஊர்ந்து வந்ததே, அந்த நாளிலிருந்து டாரண்டுலாவை ஆளைக் கொல்ல வரும் பிராணியாகவே பார்த்துப் பழகிவிட்டோம். உண்மையில் மனிதக் காலடி கேட்டாலே வளைக்குள் ஓடி ஒளியும் உயிர் அது. இந்தப் பாலைவன டாரண்டுலாவின் கடி ஏறக்குறைய தேனீக் கொட்டு போலத்தான் இருக்கும். அதற்குமேல் அச்சப்பட ஒன்றுமில்லை.

பெண் சிலந்தியிடமிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் பாலைவனத்தில் நிலையாகக் குடியிருப்பது அதுதான். மங்கிய பொன்னிற உடல். கால்களை விரித்தால் உள்ளங்கை நிறையும். மண்ணில் ஓரடியோ அதற்கும் கூடுதலாகவோ ஆழத்துக்கு வளை தோண்டி, உள்ளே நூல் இழைத்து வைத்திருக்கும். கோடையில் வெளியே வெப்பம் 40 டிகிரி செல்சியசைத் தாண்டி எரிக்கும்போது, வளையின் வாயை மெல்லிய நூல்திரையால் மூடிவிட்டு அடியில் குளிர்ச்சியாக இருந்துகொள்ளும். பொழுது சாய்ந்ததும் மேலே ஏறி வரும். வாசலில் கால்களை வைத்தபடி அசையாமல் உட்காரும். எட்டுக் கண் இருந்தும் பார்வை மங்கல்தான். வண்டோ வெட்டுக்கிளியோ அருகே நடந்தால், மண்ணிலும் நூலிலும் எழும் அதிர்வைக் கால் மயிர்கள் உணர்ந்துவிடும். ஒரே பாய்ச்சல், ஒரே கவ்வல், மறுபடி உள்ளே. இரை வராத இரவும் உண்டு. அப்படி எத்தனை இரவு போனாலும் தாங்கும். மாதக்கணக்கில் உண்ணாமல் இருக்கக்கூடிய உடம்பு அது. குளிர்காலத்தில் மண்ணையும் நூலையும் சேர்த்து வாசலை அடைத்துவிட்டு, வெயில் திரும்பும்வரை உள்ளேயே கிடக்கும்.

இப்படி ஒரே வளையில் ஒரு பெண் டாரண்டுலா இருபது ஆண்டுகளுக்கு மேல் வாழ்கிறது! முதன்முதலாக இதைப் படித்தபோது வாசிப்பதை நிறுத்திவிட்டேன். ஒரு பூச்சி, ஒரு சிலந்தி என்றால் ஒரு பருவம், மிஞ்சிப்போனால் இரண்டு பருவம் என்றுதான் மனத்தில் கணக்கு வைத்திருந்தேன். ஒரு பிள்ளை பள்ளியில் சேர்ந்து, படித்து முடித்து, வேலைக்குப் போகும்வரை அதே வாசலில் அதே சிலந்தி!

இந்த நீண்ட ஆயுளை ஆராய்ந்து சொன்னவர்களில் முக்கியமானவர் ஆர்கன்சா பல்கலைக்கழகத்தின் பூச்சியியல் பேராசிரியர் வில்லியம் பேர்க். டாரண்டுலாக்களை ஆண்டுக்கணக்கில் வளர்த்து, அவை சட்டை உரிப்பதையும் உண்பதையும் இணைவதையும் குறித்து வைத்து, 1958இல் ஒரு நூலாகவே எழுதினார். கடி எப்படி இருக்கும் என்பதையும் தன் உடம்பிலேயே சோதித்தார். 1922இல் பிளாக் விடோ சிலந்தியைத் தன் விரலில் கடிக்கவிட்டு, மருத்துவமனையில் படுத்து வலியைக் குறிப்பெடுத்தவர் அவர். டாரண்டுலாவின் கடி அதன் பக்கத்தில்கூட வராது என்றும் எழுதிவைத்தார். அச்சத்தை விரட்ட இப்படியும் ஒரு மனிதர் இருந்திருக்கிறார் என்பதே எனக்குப் பெரிய விஷயம்.

ஆணின் வாழ்க்கை வேறு. எட்டுப் பத்து ஆண்டுகள் அதுவும் தன் வளையில், பார்ப்பதற்குப் பெண்ணைப் போலவேதான் வளர்கிறது. ஒருநாள் கடைசிச் சட்டையை உரிக்கிறது. எழுந்து நிற்கும்போது கால்கள் கறுத்து நீண்டு, முன்னங்கால்களில் சிறு கொக்கிகள் முளைத்து, ஆளே மாறிப்போயிருக்கும். அத்தனை ஆண்டு இருந்த வளையை விட்டு வெளியேறிவிடும், திரும்பி வருவதில்லை. தென் அரிசோனாவில் ஜூலை தொடங்கி செப்டம்பர் வரை கோடை மழைக்காலம். அந்த மாலைகளில் சாலையைக் கடந்து போகும் டாரண்டுலாக்களைப் பார்க்கலாம். அநேகமாக எல்லாமே பெண் தேடிப் புறப்பட்ட ஆண்கள்தாம். படையெடுத்து வருகின்றன என்று மிரள்பவர்கள் இன்றும் உண்டு. அவற்றில் பல, வண்டிச் சக்கரத்தில் நசுங்கிச் சாகின்றன.

வாசலில் படிந்திருக்கும் நூலைத் தொட்டதும் உள்ளே இருப்பது பெண் என்று ஆணுக்குத் தெரிந்துவிடும். கால்களால் தட்டி அழைக்கும். பெண் நச்சுப்பற்களை விரித்தபடிதான் வெளியே வரும். முன்னங்கால் கொக்கிகள் எதற்கென்று அப்போது புரியும்: அந்தப் பற்களைக் கொக்கியில் மாட்டி, பெண்ணை மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு இணையும். பிறகு விலகி ஓடும். பெண் ஆணைத் தின்றுவிடும் என்பது நடக்காத காரியமல்ல. ஆனால் பெரும்பாலும் தப்பித்துவிடுகிறது. தப்பித்தாலும் பயனில்லை. சரியாக உண்ணாமல் நடந்து நடந்து மெலிந்து, குளிர் வருவதற்குள் செத்துவிடும். பெண்ணோ நூற்றுக்கணக்கான முட்டைகளை நூலால் பையாகச் சுற்றி, வெயில் நேரத்தில் வாசலுக்குக் கொண்டுவந்து இதமான சூடு காட்டி, மறுபடி உள்ளே எடுத்துப்போகும்.

பெண் வாழ்நாள் முழுக்கச் சட்டை உரித்துக்கொண்டே இருக்கும். உரிக்கும்போது மல்லாந்து கிடப்பதால் செத்துவிட்டதென்று நினைப்பவர்கள் அதிகம். இழந்த காலும் அடுத்தடுத்த உரிப்புகளில் வளர்ந்துவிடும். யாராவது சீண்டினால் பின்னங்காலால் வயிற்றை வேகமாகத் தேய்க்கும்; முள் போன்ற நுண்மயிர்கள் காற்றில் பறந்து எதிரியின் மூக்கிலும் கண்ணிலும் குத்தும். அது கடிப்பது, வேறு வழியே இல்லாதபோதுதான்.

இந்த மயிரும் பல்லும் எடுபடாத எதிரி ஒன்று உண்டு. நம் வீட்டுச் சுவரில் மண்கூடு கட்டி, சிலந்திகளைக் கொட்டி மயக்கி உள்ளே அடைக்கும் குளவியைப் பார்த்திருப்பீர்கள். அதே வேலையை டாரண்டுலாவிடம் செய்கிற பெரிய குளவி அந்தப் பாலைவனத்தில் இருக்கிறது. கருநீல உடல், செம்மஞ்சள் சிறகு. சிலந்தியைக் கொட்டிச் செயலிழக்கச் செய்து, குழிக்குள் இழுத்துப்போட்டு, அதன்மேல் ஒரே ஒரு முட்டையிட்டு மூடிவிடும். வெளிவரும் புழு, உயிரோடு கிடக்கும் சிலந்தியைத் தின்று வளரும். உயிர் போகாமலிருக்க முக்கிய உறுப்புகளைக் கடைசிக்கு விட்டுவைக்கும். பூச்சிக் கொட்டுகளின் வலியை அளந்து தரம் பிரித்த ஜஸ்டின் ஷ்மிட், இந்தக் குளவிக்கு உச்ச எண்ணான 4ஐக் கொடுத்தார். நியூ மெக்சிகோ மாநிலம் 1989இல் இதையே தன் மாநிலப் பூச்சியாக அறிவித்தது. வளர்ந்த குளவி பூந்தேன் குடித்து வாழ்வது என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

நட்பும் இல்லாமலில்லை. டெக்சாஸ் பக்கம், டாரண்டுலாவின் வளைக்குள்ளேயே ஒரு குட்டித் தவளை குடியிருக்கிறது. அந்த அளவில் உள்ள மற்றத் தவளைகளைத் தின்னும் சிலந்தி இதைத் தொடுவதில்லை. தவளைக்கு எறும்புதான் உணவு. சிலந்தியின் முட்டைக்கு எறும்புதான் ஆபத்து. இருவருக்கும் இலாபம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

இவ்வளவையும் நான் எழுதுவது ஒரு கவலையினால். இருபது ஆண்டு வாழும் உயிர் மெதுவாகத்தான் பெருகும். நூற்றுக்கணக்கான குஞ்சுகள் பிறந்தாலும் முதிர்ச்சி அடைவது மிகச் சில. அதற்கும் பல ஆண்டுகள். வளர்ப்புப் பிராணிச் சந்தைக்காக ஒருவர் மண்வெட்டியோடு போய் ஒரு பெண்ணைத் தோண்டி எடுத்தால், அந்த வாசலில் அதே வயதில் இன்னொன்று வந்து உட்கார இருபது ஆண்டு ஆகும். வளை இருக்கும் நிலத்தைச் சமன்படுத்தி வீடு கட்டினாலும் அதே கதைதான். வளர்ந்த பெண் இடம் மாறிப் பிழைக்கப் பழகியதல்ல. அமெரிக்க டாரண்டுலாக்களில் இனம் எத்தனை என்பதே 2016இல்தான் ஒழுங்காகத் திருத்தி வகுக்கப்பட்டது. அப்போது 14 புதிய இனங்களுக்குப் பெயர் வைத்தார்கள். பெயர் வைப்பதற்கு முன்பே போய்விடக்கூடியவை இவை.

இது அமெரிக்கக் கவலை மட்டுமல்ல. இந்தியாவிலும் இலங்கையிலும் மட்டுமே வாழும், மரப்பொந்தில் குடியிருக்கும் அழகான டாரண்டுலாப் பேரினம் ஒன்று வெளிநாட்டுச் சந்தைகளில் விலை போய்க்கொண்டிருந்தது. 2019இல்தான் அவற்றைச் சர்வதேச வணிகக் கட்டுப்பாட்டு உடன்படிக்கையின் பட்டியலில் சேர்த்தார்கள். மேற்குத் தொடர்ச்சி மலையில் மண்ணில் வளை தோண்டி வாழும் டாரண்டுலாக்களும் உண்டு.

மலையோர ஊர்களில் இருக்கும் வாசகர்களே, நீங்கள் அவற்றைப் பார்த்திருந்தால் எழுதுங்கள். எந்த மாதம், மழைக்கு முன்பா பின்பா, வளையின் வாயில் நூல் இருந்ததா என்பதையும் குறிப்பிடுங்கள். குச்சியை உள்ளே விட்டுப் பார்க்கவேண்டாம். படமெடுத்தால் எங்களுக்கு அனுப்புங்கள். ஆனால் இடத்தின் பெயரோடு பொதுவில் போடாதீர்கள். அதைப் படித்துவிட்டு மண்வெட்டியோடு வருபவர்கள் இருக்கிறார்கள்.

அன்புடன்,
ஆசிரியர்