ராயப்பேட்டைக்கு ஏன் போகவில்லை?

போன ஞாயிறு மயிலாப்பூரில் அரை நாள் 'பாரம்பரிய நடை' ஒன்றுக்குக் காசு கட்டிப் போனேன். தெப்பக்குளம், மாட வீதிகள், பழைய வீடுகள், முடிவில் ஃபில்டர் காபி. வழிகாட்டும் அண்ணன் சுவையாகத்தான் பேசினார். ஒரு வீட்டின் முன் நின்று, "வழிப்போக்கர் யாரும் இளைப்பாறலாம் என்றுதான் திண்ணை கட்டினார்கள்" என்றார். யாருமா? சேரியிலிருந்து வந்தவர் அதில் உட்கார முடிந்ததா?

கபாலீசுவரர் கோயில் வாசலில், "காலங்காலமாக ஊரே கூடும் இடம்" என்றார். எனக்குப் பொறுக்கவில்லை. சென்னை மாகாணம் முழுவதும் கோயில்களைத் தலித் மக்களுக்குத் திறந்துவிடச் சட்டம் வந்ததே 1947-இல்தான், ஊர் என்று யாரைச் சொல்கிறீர்கள் என்று கேட்டேன். "அரசியல் வேண்டாமே தம்பி" என்று சிரித்தார். கூட வந்தவர்களும் சிரித்தார்கள். சிரிக்காமல் நின்றது நான் மட்டும்தான்.

அங்கிருந்து நடந்தே போகும் தூரத்தில் ராயப்பேட்டை. 1907-இல் அயோத்திதாசப் பண்டிதர் 'ஒரு பைசாத் தமிழன்' வார இதழைத் தொடங்கியது அங்கேதான். தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்டவர்கள் இந்த மண்ணின் பூர்வ பௌத்தர்கள் என்று வாதாடிய இதழ் அது. விலையும் பெயரிலேயே இருந்தது. நம் நடையில் அவர் பெயர்கூட வரவில்லை. கேட்டால் நேரம் போதாது என்பார்கள். காபிக்கு மட்டும் முக்கால் மணி நேரம் இருந்தது. அக்ரகாரத்தைச் சுற்றிக் காட்டிவிட்டு அதற்குச் சென்னை என்று பெயர் வைப்பது தெரியாமல் நடக்கிற பிழை இல்லை. எந்தத் தெருவில் திரும்புவது என்பதையும் சாதிதான் முடிவு செய்கிறது.

வரும் ஞாயிறு காலை நானும் இரண்டு தோழர்களும் ராயப்பேட்டையில் நடக்கிறோம். காசு வேண்டாம், தண்ணீர் பாட்டில் மட்டும் எடுத்து வாருங்கள்.