மை மிஸ்டர் லீ சன் க்யூன்

'பாரசைட்'ல (2019) பணக்கார வீட்டு அப்பாவா வந்தாரே, லீ சன் க்யூன், அவரை நம்மாளுங்க நிறைய பேருக்கு அந்த ஒரு படத்துல தான் தெரியும். என்னைக் கேட்டா, அவரைப் பார்க்க வேண்டிய இடம் 2018ல வந்த 'மை மிஸ்டர்' சீரியல் தாங்க.

'காபி பிரின்ஸ்'ல (2007) உருக வைக்கிற குரல். 'பாஸ்டா'ல (2010) சமையல்கட்டுல ஓயாம கத்துற செஃப். 'மை மிஸ்டர்'ல அந்தக் குரலை கிட்டத்தட்ட முழுங்கிட்டார். நாற்பது தாண்டின ஸ்ட்ரக்சுரல் இன்ஜினியர். ஆபீஸ் அரசியல், வீட்டுல துரோகம், எல்லாத்தையும் தோளைக் குறுக்கிக்கிட்டு தாங்குவார். வெளியேருந்து வர்ற அழுத்தத்தை விட உள்ள இருக்கற பலம் அதிகமா இருந்தா தான் கட்டடம் நிக்கும்னு ஒரு காட்சியில விளக்குவார். பொட்டி தட்டுற எனக்கே புரிஞ்சுது :-)

இப்ப அந்தக் காட்சியைப் பார்க்க முடியலை.

2023 அக்டோபர்ல போதைப்பொருள் புகார். பரிசோதனையில எதுவும் உறுதியாகலை. ஆனாலும் மூணு தடவை விசாரணை, கடைசி விசாரணை மட்டும் 19 மணி நேரம். போகும்போதும் வரும்போதும் கேமரா கூட்டம். தனிப்பட்ட போன் பேச்சைக்கூட டிவியில போட்டாங்க. டிசம்பர் 27 அன்னிக்கு தன் உயிரை மாய்ச்சுக்கிட்டார். வயசு 48.

புகார் வந்தா விசாரிக்கட்டும், அது போலீஸ் வேலை. அதை தினம் ஒரு எபிசோடா வெளியில விட்டது யார் வேலை? 'பாரசைட்' இயக்குநர் பாங் ஜூன் ஹோவும் மத்த கலைஞர்களும் 2024 ஜனவரியில கேட்டது இதைத்தான்.

அவர் நடிச்சு முடிச்சிருந்த 'லேண்ட் ஆஃப் ஹேப்பினஸ்' 2024 ஆகஸ்ட்ல வந்தது. 1979 அதிபர் கொலை வழக்குல மாட்டின ராணுவ அதிகாரியா, அவசர அவசரமா நடக்கற விசாரணையில நிக்கறார்.